கடலடியில் காத்திருக்கும் கண்

இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி. (விலங்கியல்) மாணவி, ஆலங்காயம்

சவ்வாது மலையடிவாரத்தில் பிறந்து வளர்ந்தவளுக்குக் கடலுக்கடியில் எடுக்கப்படும் படங்களைப் பற்றி எழுத என்ன தகுதி இருக்கிறது என்று நண்பர்கள் கேட்கலாம். கேட்கட்டும். எங்கள் குடும்பத்தில் கடலைக் கண்ணால் கண்டவர் ஒருவர்தான். கட்டட வேலைக்காகச் சென்னை சென்றிருந்த என் தந்தை, ஒரு மாலைப் பொழுதில் மெரினாவில் நின்று பார்த்துவிட்டு வந்தார். அவர் கண்டதும் கடலின் மேற்பரப்பைத்தான். மற்ற எங்களுக்கெல்லாம் கடல் என்பது பாடப் புத்தகத்தில் நீல நிறம் தீட்டிய பகுதி. இப்போது கைபேசித் திரையில் ஓடும் படம்.

ஆனால் சற்றே சிந்தித்துப் பாருங்கள். கடலடிப் படங்கள் யாருக்காக எடுக்கப்படுகின்றன? பாம்பன் மீனவருக்காகவா? அவருக்குத் திரை எதற்கு? மீன் எங்கே திரும்பும், நீரோட்டம் எப்போது மாறும் என்பதெல்லாம் அவருக்கு அன்றாடப் பாடம். கடலையே காணாத எங்களைப் போன்றவர்களுக்காகத்தான் அவை எடுக்கப்படுகின்றன. ஆகவே அவை எப்படி எடுக்கப்பட வேண்டும் என்று சொல்லும் உரிமையும் எங்களுக்கு உண்டு என்பது என் துணிபு. அந்த உரிமையில்தான் இதை எழுதுகிறேன்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கடலுயிர்களைப் படமெடுப்பவர் சாட்சியாக இருக்க வேண்டும். நாடக ஆசிரியராக ஆகிவிடக் கூடாது. காட்டில் யானை என்ன செய்யும் என்பது நம்மில் பலருக்கு ஓரளவு தெரியும். படத்தில் பொய் இருந்தால் ஊருக்கு ஒருவராவது கண்டுபிடித்து விடுவார். கடலுக்கடியில் நடப்பதற்கோ வேறு சாட்சியே கிடையாது. ஒரே சாட்சி பொய் சொன்னால் வழக்கின் கதி என்ன?

பூமியின் பரப்பில் ஏறத்தாழ 71 விழுக்காடு கடல். அதற்குள் கண்ணைக் கொண்டுபோவது எவ்வளவு கடினம் என்பதை விஞ்ஞான மாணவர்கள் எளிதில் உணரலாம். பத்து மீட்டர் இறங்கினால் ஒரு வளிமண்டல அழுத்தம் கூடுகிறது. சூரிய ஒளியின் சிவப்புக் கதிர்களை நீர் முதலிலேயே விழுங்கிவிடுகிறது. சில மீட்டர் ஆழத்திலேயே செந்நிற மீன் சாம்பல் நிறமாகத் தெரியும். இன்னும் ஆழத்தில் எல்லாம் நீலம், அதற்கப்பால் இருள். கண்ணாடி முகமூடி வழியே பார்த்தால் ஒளிவிலகலால் பொருள்கள் இருப்பதைவிட அருகிலும், ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு பெரிதாகவும் தோன்றும். ஆக, ஒருவர் பொய் சொல்ல நினைக்கும் முன்பே நீர் தன் பங்குக்குச் சில பொய்களைச் சொல்லிவிடுகிறது! இத்தனைக்கும் நடுவே ஒரு மீனின் வாழ்க்கையை உள்ளபடியே பதிவு செய்து கொண்டுவருவதென்றால் அது சாதாரணக் காரியம் அன்று. அந்தக் கலைஞர்கள்பால் எனக்குள்ள மதிப்பு பெரிது. அந்த மதிப்பினால்தான் கண்டிக்கவும் துணிகிறேன்.

பிரான்சு நாட்டில் பன்யூல் என்ற கடற்கரை ஊரில், உயிரியலாளர் லூயி பூத்தான் 1893ஆம் ஆண்டில் நீருக்கடியில் புகைப்படம் எடுத்தார். நீர் புகாத பெட்டிக்குள் காமிராவை வைத்து இறக்கிய அவர் ஆராய்ச்சியாளர்; கண்டதைப் பதிவதே அவர் நோக்கம். அடுத்து, 1914இல் ஜான் எர்னஸ்ட் வில்லியம்சன் என்பவர் பஹாமா தீவுகளில் அசையும் படம் எடுத்தார். கப்பலிலிருந்து ஒரு நீண்ட குழாய், அதன் அடியில் கண்ணாடிச் சாளரம் வைத்த இரும்பு அறை. அதற்குள் அமர்ந்து கடலைப் பார்க்கலாம். அற்புதமான ஏற்பாடு! ஆனால் அந்தச் சாளரத்தின் வழியே அவர் காட்ட விரும்பியது எது? சுறாவோடு மனிதன் போரிட்டுக் கத்தியால் குத்திக் கொல்லும் காட்சி. செத்த குதிரையின் உடலை இரையாகத் தொங்கவிட்டுச் சுறாக்களை வரவழைத்தார்கள். அசையும் படம் கடலுக்குள் நுழைந்த அன்றே நாடகமும் உடன் நுழைந்துவிட்டது. இந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு வியப்பைவிட வருத்தமே மிகுதியாக ஏற்பட்டது. சுறா தானாக என்ன செய்கிறது என்று பத்து நிமிடம் சும்மா பார்க்க அவருக்குப் பொறுமை இல்லையே!

பொறுமைக்கு எடுத்துக்காட்டு வேண்டுமானால் ழான் பென்லவே என்ற பிரெஞ்சுக்காரரைச் சொல்வேன். 1930களில் கடற்குதிரையைப் பற்றி ஒரு சிறு படம் எடுத்தார். விலங்கியல் மாணவர்கள் அறிவார்கள்: கடற்குதிரையில் கருவைச் சுமந்து குஞ்சு பொரிப்பது ஆண். பெண் இடும் முட்டைகளை ஆண் தன் வயிற்றுப் பையில் வாங்கிக் காத்து, நாளானதும் குஞ்சுகளை வெளியேற்றுகிறது. அந்தக் கணத்தைப் பிடிக்க அவர் இரவு பகலாகக் காத்திருந்தார். தூக்கத்தில் தலை கவிழ்ந்தால் சுருக்கென்று மின்சாரம் தாக்கி எழுப்பும்படி தன் தொப்பியில் ஒரு கருவி அமைத்துக்கொண்டார் என்கிறார்கள். தேர்வுக்கு முந்தைய இரவில் நம் விடுதி நண்பர்களுக்கு இக்கருவி பயன்படலாம்! அவர் பெரும்பகுதியைத் தொட்டிகளில் வைத்துத்தான் எடுத்தார். அதை நான் மறைக்கவில்லை. ஆனால் கடற்குதிரையைப் பிரசவிக்கும்படி அவர் கட்டாயப்படுத்தவில்லை. அது தன் வேளையில் தன் வேலையைச் செய்தது. அவர் விழித்திருந்தார், அவ்வளவே.

இனி ழாக் கூஸ்தோ. 1943இல் எமில் கஞ்ஞான் என்ற பொறியாளருடன் சேர்ந்து, முதுகில் காற்றுக்கலத்தைச் சுமந்து மனிதன் நீருக்கடியில் தடையின்றி உலவும் கருவியை உருவாக்கியவர். அவரும் லூயி மால் என்பவரும் சேர்ந்து எடுத்த ‘மௌன உலகம்’ 1956இல் கான் திரைப்பட விழாவின் உயரிய பரிசைப் பெற்றது. ஆஸ்கார் விருதும் அதைத் தேடி வந்தது. கடலடியை வண்ணத்தில் உலகத்தின் கண்முன் விரித்த பெருமை அப்படத்துக்கு உண்டு. ஆனால் அதே படத்தில், ஒரு பவளத்திட்டில் எத்தனை மீன்கள் உள்ளன என்று எண்ணுவதற்காக வெடி வைத்துத் தகர்க்கிறார்கள். கப்பலின் சுழலியில் அடிபட்ட திமிங்கிலக் கன்றைத் தின்ன வந்த சுறாக்களை ஆத்திரத்தோடு இழுத்துப் போட்டு அடித்துக் கொல்கிறார்கள். கன்றை அடித்தது கப்பல், தண்டனை சுறாவுக்கு! எந்த ஊர் நியாயம் இது? பிற்காலத்தில் கூஸ்தோ கடலைக் காக்கப் பெரிதும் பாடுபட்டார் என்பது உண்மை. அதற்காக அந்தக் காட்சிகளைப் பற்றிப் பேசாமல் இருக்க முடியாது. மாறாக, அவற்றை அவர்கள் வெட்டி எறியாமல் படத்திலேயே விட்டுவைத்ததை ஒருவகையில் நேர்மை என்றே நான் மதிக்கிறேன். செய்ததைக் காட்டினார்கள்.

செய்ததைக் காட்டாமல் மறைத்தவர்களும் உண்டு. இது கடலடிப் படம் அல்ல. ஆயினும் சொல்லியாக வேண்டும். 1958இல் வால்ட் டிஸ்னி நிறுவனத்தார் வெளியிட்ட ‘வெள்ளைக் காடு’ என்ற பொருள்படும் படத்தில், லெம்மிங் என்னும் எலியினப் பிராணிகள் கூட்டம் கூட்டமாகப் பாறை உச்சியிலிருந்து நீரில் குதித்துத் தற்கொலை செய்துகொள்வதாகக் காட்டப்பட்டது. சிறந்த ஆவணப் படம் என்று ஆஸ்காரும் வழங்கப்பட்டது. 1982இல் கனடா நாட்டுத் தொலைக்காட்சியார் விசாரித்துப் பார்த்ததில், அந்தப் பிராணிகள் வேறிடத்திலிருந்து விலைக்கு வாங்கிவரப்பட்டவை என்பதும், அவை தாமாகக் குதிக்கவில்லை, தள்ளப்பட்டன என்பதும் வெளியாயிற்று. லெம்மிங்குகள் தற்கொலை செய்துகொள்ளும் என்ற கட்டுக்கதையோ இன்றுவரை உலகமெங்கும் உலவுகிறது. நம் வகுப்பிலேயே அதை நம்பியவர்கள் இருந்தார்கள். பரிசு பெற்ற ஒரு பொய்யின் ஆயுள் அவ்வளவு நீளம்!

நம் காலத்திலும் 2011இல் பி.பி.சி.யின் ‘உறைந்த கோள்’ தொடரில், பனிக்கரடி குட்டி ஈன்ற காட்சி ஒரு விலங்குக் காட்சிசாலையில் எடுக்கப்பட்டது என்பது பின்னர் தெரியவந்து சர்ச்சை எழுந்தது. காட்டுப் பனிக்குகைக்குள் காமிராவுடன் புகுந்தால் தாய் குட்டியைக் கைவிட்டுவிடலாம், அல்லது காமிராக்காரரின் உயிர் போகலாம் என்று அவர்கள் கூறிய சமாதானம் நியாயமானதே. அப்படியானால் படத்திலேயே ஒரு வரி சொல்லிவிட்டால் என்ன குறைந்துவிடும்? இணையத்தில் வேறொரு மூலையில் விளக்கம் தந்திருந்தோம் என்பது எனக்கு ஏற்புடையதாக இல்லை. படம் பார்க்கும் எல்லோரும் மூலைமுடுக்கெல்லாம் தேடிப் படிப்பவர்களா?

இங்கே எங்கள் ஆயாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான் என்பதால், நான் எதைக் காட்டினாலும் அது ‘காலேஜில் சொன்னது’ என்றே அவர் எடுத்துக்கொள்கிறார். ஒரு நாள் மாலை, போர்னியோ கடலில் கோமாளி மீன் ஒன்று தேங்காய்ச் சிரட்டையை முட்டி முட்டி உருட்டி வந்து, அதன்மேல் முட்டையிட வைக்கும் காட்சியைக் கைபேசியில் காட்டினேன். 2017இல் வந்த ‘நீலக் கோள்’ இரண்டாம் தொடரில் இடம்பெற்றது அது. ஆயா உற்றுப் பார்த்துவிட்டு, “இது நெசந்தானா கண்ணு? யாராச்சும் அடியிலே நூல் கட்டி இழுக்கிறாங்களா?” என்று கேட்டார். நான், “நெசந்தான் ஆயா” என்றேன். அதற்கு மேல் அவர் கேட்கவில்லை. மறுநாள் களை எடுக்கப் போன இடத்தில் அத்தனை பேருக்கும் சொல்லிவிட்டார்: மீனுக்கும் வீடு கட்டத் தெரியும், என் பேத்தி காட்டினாள் என்று.

பாருங்கள், அந்தத் தொடரை எடுத்தவர் யாரோ, எங்கோ. அவர் சொல்லுக்கு நான் பிணை. என் சொல்லுக்கு ஆயா பிணை. 39 நாடுகளில் 125 பயணங்கள் சென்று, நீருக்கடியில் 6,000 மணி நேரத்துக்கு மேல் செலவிட்டு அதை எடுத்தார்கள் என்று படித்திருப்பதால்தான் நானும் துணிந்து ‘நெசந்தான்’ என்றேன். நாளை அதில் ஒரு நூல் இருந்தது என்று தெரியவந்தால் களத்துமேட்டில் தலைகுனியப் போவது இலண்டன் நகரத்தார் அல்லர், எங்கள் ஆயா. படிக்காத ஒருவரிடம் பொய்யை மெய்யென்று சொல்வது, படித்தவரிடம் சொல்வதைவிடப் பெரிய குற்றம் என்று நான் கருதுகிறேன். படித்தவர் சரிபார்த்துக்கொள்வார்.

இதற்கு எதிராக என் வகுப்புத் தோழிகள் சொல்வதையும் தள்ளிவிட முடியாது. “உள்ளதை உள்ளபடி காட்டினால் யார் பார்ப்பார்கள்? ஒரு மீன் நாள் முழுதும் சும்மா இருக்கும். சோறு போடும் தொழில் அன்றோ அது?” என்கிறார்கள். உண்மைதான். நூறு மணி நேரத்துப் படத்தை ஒரு மணிக்குச் சுருக்கத்தான் வேண்டும். நெல்லை அரிசியாக்கினால் யாரும் கலப்படம் என்பதில்லை. கல்லைச் சேர்த்தால்தான் கலப்படம். சிற்றுயிர்களின் முட்டை வளர்ச்சியைத் தொட்டியில் வைத்து எடுப்பதையும் நான் எதிர்க்கவில்லை. நம் ஆய்வுக்கூடத்தில் நாமும் அதைத்தான் செய்கிறோம். தொட்டி என்றால் தொட்டி என்று சொல்லிவிடட்டும். இரையைக் கட்டி வைத்து வேட்டையைக் காட்டுவதும், இரண்டு வெவ்வேறு மீன்களின் காட்சிகளை ஒட்டி ஒரே மீனின் கதை என்பதும்தான் எனக்கு ஆகாது.

ஒலியையும் கவனிக்க வேண்டும். நீருக்குள் ஒலி ஒரு விநாடிக்குச் சுமார் 1,500 மீட்டர் பாய்கிறது. காற்றில் செல்வதைப் போல நான்கு மடங்குக்கும் மேல். கடல் மௌனமானதே அல்ல. இறால் வகைகள் சொடுக்கும், மீன்கள் முனகும், திமிங்கிலம் பாடும். ஆயினும் நாம் படங்களில் கேட்கும் சளக், புளக் ஒலிகளில் மிகப் பல பின்னர் ஒலிப்பதிவுக் கூடத்தில் சேர்க்கப்பட்டவை. அதற்கு மேல் இசை வேறு. சுறா வந்தால் முரசு, ஆமை வந்தால் குழல்! தமிழில் குரல் கொடுப்பவர்களோ இன்னும் ஒரு படி மேலே போய்ச் சுறாவை ‘இரக்கமற்ற கொலைகாரன்’ என்கிறார்கள். மீனைத் தின்பது கொலையானால் நம் வீட்டு அடுப்பங்கரையை என்னவென்பது?

காத்திருந்து பார்ப்பதற்கு நல்ல உதாரணம் கடலோரத்தில்தான் கிடைக்க வேண்டுமென்பதில்லை. எங்கள் ஊரிலிருந்து மலைப்பாதையில் சிறிது தொலைவு சென்றால் காவலூர். 1960களின் இறுதியில் அங்கே வானாய்வகம் அமைத்தார்கள். அதை உருவாக்கிய வைணு பாப்பு அவர்களின் பெயரையே இன்று தாங்கி நிற்கிறது. 1986இல் 2.34 மீட்டர் விட்டமுள்ள பெரிய தொலைநோக்கி அங்கே செயல்படத் தொடங்கியது. விண்மீனை யாரால் தொட முடியும்? தூண்டில் போட்டு அருகே இழுக்க முடியுமா? இரை வைத்து அழைக்க முடியுமா? வருகிற ஒளியை வந்தபடி வாங்கிக்கொள்வதைத் தவிர வேறு வழியில்லை. மேகம் மூடினால் அன்றைய இரவு வீண். 1977 மார்ச்சு 10ஆம் நாள் யுரேனஸ் கோளின் அருகே ஒரு விண்மீன் வந்தபோது, எதிர்பாராத நேரத்தில் அதன் ஒளி சற்றே மங்கி மீண்டதைக் காவலூரில் பதிவு செய்தார்கள். விமானத்தில் பறந்தபடி கவனித்த அமெரிக்க விஞ்ஞானிகளும் அவ்வாறே கண்டார்கள். கோளைச் சுற்றி வளையங்கள் இருப்பது அதனால் தெரியவந்தது. ‘ஏதோ மேகம் குறுக்கிட்டிருக்கும்’ என்று அந்த மங்கலை யாராவது அழித்து ஒழுங்குபடுத்தியிருந்தால்? எதிர்பாராததை அழிக்காமல் வைத்திருப்பதுதான் பார்வையாளனின் முதற் கடமை. இந்த ஒழுக்கத்தை நம் பக்கத்து ஊரிலேயே ஐம்பதாண்டுகளுக்கு மேலாகக் கடைப்பிடிக்கிறார்கள். கடலடிக் காமிராக்காரர்களுக்கும் அதுவே சட்டமாக இருக்க வேண்டும் என்கிறேன்.

அப்படி இருந்தவர்கள் உண்டு. தென்னாப்பிரிக்காவில் கிரெய்க் பாஸ்டர் என்பவர் காற்றுக்கலம் இல்லாமல், மூச்சை அடக்கியபடி, குளிர்ந்த கடலில் ஏறத்தாழ ஓராண்டுக் காலம் நாள்தோறும் இறங்கி ஒரே ஒரு பேய்க்கணவாயைக் கவனித்தார். நகரத்தார் அதை ஆக்டோபஸ் என்பார்கள். சிறு சுறா ஒன்று அதன் கையைக் கடித்துத் திருகிப் பிய்த்தபோதும் அவர் குறுக்கே புகுந்து சுறாவை விரட்டவில்லை. பின்பு அந்தக் கை மெல்ல மெல்ல மீண்டும் முளைத்தது. அதையும் அவர் பதிவு செய்தார். 2020இல் வெளிவந்த அப்படம் மறு ஆண்டு ஆஸ்கார் பெற்றது. அவர் கொஞ்சம் அதிகமாகவே உணர்ச்சிவசப்படுகிறார் என்பது என் எண்ணம். பேய்க்கணவாய்க்கு மனிதரிடம் அவ்வளவு அன்பு இருந்ததா என்று விலங்கியல் மாணவி என்ற முறையில் எனக்கு ஐயம் உண்டு. எனினும் ஒரே இடத்தில் ஓராண்டு! நாம் ஒரே நாற்காலியில் ஒரு மணி நேரம் உட்காருகிறோமா?

நம் நாட்டு உதாரணம் இதைவிட உயர்ந்தது. குஜராத் கடற்கரையில் ஒரு காலத்தில் திமிங்கிலச் சுறாவைக் கொக்கியிட்டுக் கொன்று கரைக்கு இழுத்து வந்தார்கள். அது உலகத்தின் மிகப் பெரிய மீன். நுண்ணுயிர்களை வடிகட்டித் தின்னும் சாது. அதன் ஈரல் எண்ணெயை மரப்படகுகளுக்குப் பூசினார்கள், இறைச்சி ஏற்றுமதியாயிற்று. மைக் பாண்டே என்ற படத் தயாரிப்பாளர் இதைப் படமாக்கி 2000ஆம் ஆண்டில் ‘மௌனக் கரைகள்’ என்ற பொருள்படும் தலைப்பில் வெளியிட்டார். மிரட்டலான கதை எதுவும் அதற்குத் தேவைப்படவில்லை. நடந்ததை நடந்தபடி காட்டியதே போதுமாக இருந்தது. 2001இல் மத்திய அரசு திமிங்கிலச் சுறாவை 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்த்தது. நம் நாட்டில் அவ்வாறு பாதுகாப்புப் பெற்ற முதல் மீன் அதுவே. பின்னர் அதே மீனவர்கள், வலையில் சிக்கும் திமிங்கிலச் சுறாவை வலையை அறுத்து விடுவிக்கலானார்கள். அந்தப் படத்தில் ஒரே ஒரு காட்சி பொய்யென்று அன்று நிறுவப்பட்டிருந்தால் இந்தச் சட்டம் எழுந்திருக்குமா? வியாபாரிகள் அந்த ஒரு பொய்யைப் பிடித்துக்கொண்டு மற்ற அனைத்தையும் பொய்யாக்கியிருப்பார்கள்.

நம் தமிழ்நாட்டுக்கு வருவோம். பாம்பனுக்கும் தூத்துக்குடிக்கும் இடையே மன்னார் வளைகுடாவில் 21 தீவுகள். 1986இல் அவை கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டன. வடக்கே பாக் விரிகுடாவில் 2022இல் 448 சதுர கிலோமீட்டர் பரப்பில் கடற்பசுக்களுக்கென்று காப்பகம் அறிவித்தார்கள். இந்தியாவில் இவ்வகையில் அதுவே முதலாவது. கடற்பசுவை அப்பகுதியினர் ஆவுளியா என்றும் அழைக்கிறார்கள். கடற்புல்லை மேயும், ஓர் ஈற்றுக்கு ஒரே கன்று ஈனும், மூச்சுவிடச் சில நிமிடங்களுக்கு ஒரு முறை மேலே வரும். கூச்ச சுபாவம் மிக்கது. படகுச் சத்தம் கேட்டாலே நழுவிவிடும். கலங்கிய நீரில் அதைப் படமெடுப்பது எளிதன்று. எளிதன்று என்பதனாலேயே, விரட்டிப் பிடித்துப் படமெடுக்கும் ஆசையும் வரும். ஒரு தாயையும் கன்றையும் படகில் துரத்தி எடுத்த படம் எத்தனை இலட்சம் பேரால் பார்க்கப்பட்டாலும் அது எனக்கு வேண்டாம்.

துரத்தாமல் எடுக்கத் தெரிந்தவர்கள் அங்கேயே இருக்கிறார்கள் என்பதுதான் நான் சொல்ல வந்தது. தூத்துக்குடியில் 1961 வரை அரசு முத்துக்குளிப்பு நடத்தியது. சங்கு குளிப்போர் அங்கே மூச்சடக்கியே கடலடியைத் துழாவி வந்தவர்கள். இராமநாதபுரம் மாவட்டத்துக் கடலோரப் பெண்கள், விரல்களில் துணியைச் சுற்றிக்கொண்டு, கண்ணாடி ஒன்றை மாட்டிக்கொண்டு, கடற்பாசி எடுக்க மூழ்கி எழுகிறார்கள். எந்தப் பாறையில் என்ன ஒட்டியிருக்கும், எந்த மாதத்தில் எந்த மீன் குஞ்சுகளோடு வரும் என்பது அவர்களுக்கு மனப்பாடம். இவர்கள் இதுவரை வெளியூர்ப் படக்காரர்களின் காமிராவுக்கு முன்னால் நிற்பவர்களாகவே இருந்திருக்கிறார்கள். காமிராவுக்குப் பின்னால் நிற்கக் கூடாதா? பாம்பனில் 2016 முதல் மீனவருக்கென்றே ‘கடல் ஓசை’ என்ற சமுதாய வானொலி நடைபெறுகிறது. தங்கள் குரலை ஒலிபரப்பத் தெரிந்தவர்களுக்குத் தங்கள் கடலைப் படம்பிடிக்கவும் தெரியும். அரசு ஒரு சில நீர் புகாக் காமிராக்களையும் ஆறு மாதப் பயிற்சியையும் தரட்டும். அந்தப் படத்தில் மீன்களுக்கு மீனவர் வைத்த பெயர்களே வரும். ‘இரக்கமற்ற கொலைகாரன்’ வரமாட்டான்.

கடைசியாக நம் வீட்டு வாசலுக்கு வருகிறேன். கடலில்லாத ஊருக்கு நீருக்கடி உலகம் இல்லையென்று யார் சொன்னது? பாலாற்றின் மடுக்களில் ஒரு காலத்தில் என்னென்ன மீன் இருந்தது என்று பெரியவர்கள் வாயால் சொல்லத்தான் கேட்டிருக்கிறோம். தோல் பதனிடும் கழிவுகள் ஆற்றையும் நிலத்தடி நீரையும் கெடுத்ததுபற்றி வேலூர் மக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996 ஆகஸ்டு 28ஆம் நாள் தீர்ப்பளித்தது. மாசுபடுத்தியவரே ஈடு தர வேண்டும் என்ற நெறி அத்தீர்ப்பினால் நம் சட்டத்தில் வேரூன்றியது. அந்தத் தீர்ப்பைச் சட்டக் கல்லூரிகளில் இன்றும் படிக்கிறார்கள். ஆற்றில் கலந்த நஞ்சுக்கு ஆவணம் இருக்கிறது. நஞ்சு கலக்கும் முன் அந்த மடுவில் நீந்திய கெளுத்திக்கும் கெண்டைக்கும் எங்கள் தலைமுறை கண்ணால் காணக்கூடிய ஆவணம் எங்கே? அதை அன்று யாராவது ஒரு மாணவர் ஒரு பத்து நிமிடப் படமாக எடுத்து வைத்திருந்தால், இழந்தது இன்னதென்று எங்களுக்குத் தெரிந்திருக்கும். என்ன இழந்தோம் என்று தெரியாதவர்களால் எதைத் திரும்பக் கேட்க முடியும்?

எனவே நம் கல்லூரி விலங்கியல் துறைக்கும் மாணவர் பேரவைக்கும் என் வேண்டுகோள் ஒன்று உண்டு. ஆண்டியப்பனூர் நீர்த்தேக்கம் இருக்கிறது, ஏரிகள் இருக்கின்றன, வயல்தோறும் கிணறுகள் இருக்கின்றன. விராலை எடுத்துக்கொள்ளுங்கள். சந்தையில் எடைபோட்டு வாங்கும் அந்த மீன், தாயும் தந்தையுமாக நின்று தன் குஞ்சுகளைக் காக்கும். செந்நிறக் குஞ்சுகள் பந்துபோலத் திரண்டு நீரின் மேல்மட்டத்தில் மிதந்து செல்ல, பெற்றோர் கீழே இருந்தபடி உடன் செல்வார்கள். தவளையோ வேறு மீனோ நெருங்கினால் பாய்வார்கள். கோமாளி மீனின் குடும்பக் கதையைப் போர்னியோவிலிருந்து வரவழைத்துப் பார்க்கிறோம். நம் ஏரிக்கரை விராலின் குடும்பக் கதையை யார் எடுத்திருக்கிறோம்?

இதற்குப் பெரும் பொருட்செலவு வேண்டாம். கண்ணாடி மீன்தொட்டி ஒன்றை வாய் மேலே இருக்குமாறு நீரில் பாதி அமிழ்த்தி, உள்ளே கைபேசியை நிறுத்தி வைத்தால் நீர் புகாது. படமும் தெளிவாக வரும். கரையில் மூங்கில் கழி நட்டுத் தொட்டியைக் கட்டிவிட்டு நாம் விலகி நிற்க வேண்டும்; நிழல் விழுந்தால் விரால் ஒதுங்கிவிடும். நீந்தத் தெரிய வேண்டுமென்பதுகூட இல்லை. எங்கள் வீட்டில் கிணற்றில் இறங்கும் உரிமை தம்பிக்கு மட்டுமே. எனக்குக் கிணற்று மேடுதான். மேட்டில் உட்கார்ந்து பார்த்துப் பார்த்து எனக்குப் பொறுமை பழகிவிட்டது. அதை இப்போதாவது பயன்படுத்துகிறேனே!

நிபந்தனைகளாக நான் விரும்புவன சிலவே: பொரியோ புழுவோ போட்டு மீனை அழைக்கக் கூடாது, குஞ்சுக் கூட்டத்தைக் கையால் கலைத்துப் பெற்றோரின் சினத்தைப் படமெடுக்கக் கூடாது, இசை சேர்க்கக் கூடாது, எடுத்த நாள், நேரம், இடம் படத்தின் தொடக்கத்திலேயே எழுதப்பட வேண்டும். ஒன்றுமே நடக்காத நாள்களின் பதிவையும் அழிக்காமல் துறை நூலகத்தில் வைக்க வேண்டும்.

மழைக்காலமே விரால் குஞ்சு பொரிக்கும் காலம். ஏரியில் நீர் வந்து கரையோரம் புல்லும் பாசியும் படர்ந்ததும் கூடு வைக்கத் தொடங்கிவிடும். துறைத் தலைவர் அவர்கள் இப்போதே இசைவு தந்தால், வரும் பருவத்திலேயே நான்கு பேர் கொண்ட குழு முறைவைத்து விடியற்காலையில் ஏரிக்கரைக்குச் செல்ல முடியும். என் பெயரை முதலில் எழுதிக்கொள்ளலாம். திரையிடும் நாளில் ஆயாவை அழைத்துவந்து முன்வரிசையில் உட்காரவைக்கவும் எனக்கு அனுமதி வேண்டும். நூல் எங்கே என்று அவர் கேட்பார்.